மகள் வைக்க வேண்டிய பேர்

நாய்க்குட்டி வந்தது ஒரு புதன்கிழமை. என் மனைவி வியாழன் என்பாள். புதன்தான். அன்று காலையில்தான் மேல்மாடிக்கு ஏறும் படிக்கட்டுக்குக் கொங்கிறீட் போட்டு முடித்தோம். அது இறுகட்டும் என்று மறுநாள் மேசன் வரவில்லை. குட்டியை முதலில் கண்டவர் மேசன். ஆகவே அது வியாழனாக இருக்க வழியில்லை. இந்த மாதிரி விஷயங்களில் நான் விட்டுக்கொடுப்பதில்லை. எங்கள் தெருவுக்கு மின்சாரம் வந்த மாதம், கடலோரப் பள்ளிவாசலின் பழைய சுவர் எழும்பிய ஆண்டு, சுனாமிக்கு முந்தி எந்த வளவில் யார் இருந்தார் என்பதெல்லாம் கேட்டு என்னிடம் ஆட்கள் வருவதுண்டு. பயனுள்ள வேலை என்று எதையும் நான் செய்து முடித்ததில்லை. நாட்களை மட்டும் சரியாக வைத்திருக்கிறேன்.

படிக்கட்டுக்குக் கீழே கொட்டியிருந்த மணல் குவியலில் அது சுருண்டு கிடந்தது. முகம் அல்சேஷன் போலக் கறுப்பு. உடம்பு, மீன் சந்தையைச் சுற்றித் திரியும் நாய்களின் செம்மண் நிறம். ஒரு காது நிமிர்ந்தும் மற்றது மடிந்தும் இருந்தன. கால்கள் அந்த உடம்புக்கு அளவெடுத்தவை அல்ல.

“நல்ல சாதி நாய்தான், ஹாஜியார்,” என்றார் மேசன். “எந்தச் சாதியெண்டு மட்டும் சொல்லேலாது.”

அவர் காரைதீவுத் தமிழர். நான் ஹஜ்ஜுக்குப் போனவன் அல்ல. அவருக்குத் தாடி நரைத்த எங்கள் ஆட்கள் எல்லோரும் ஹாஜியார்தான். தகப்பன் சந்தியடி வீட்டு அல்சேஷனாக இருக்கும் என்றும், தாய்க்கு யாரும் சாட்சி சொல்லமாட்டார்கள் என்றும் அவரே தீர்ப்புச் சொன்னார்.

எங்கள் பகுதியில் நாய் வளர்ப்பவர்கள் குறைவு. வீட்டுக்குள் நாய் இருக்கக்கூடாது, அதன் எச்சில் பட்டால் ஏழு தரம் கழுவ வேண்டும், அதில் ஒரு தரம் மண்ணோடு. ஆனால் காவலுக்கு வெளியே வைத்திருக்கலாம். அதற்கு முன் இரண்டு தடவை எங்கள் வளவிலிருந்து கட்டுக்கம்பி களவு போயிருந்தது. அதைச் சொல்லித்தான் குட்டியை வளவில் வைத்துக்கொண்டேன். அஸர் தொழுதுவிட்டுத் திரும்பிய பக்கத்து வீட்டுக்காரர் கேற்றில் நின்று பார்த்தார்.

“நாய் நிக்கிற வீட்டுக்கு மலக்குகள் வரமாட்டாங்க, காக்கா.”

“அது வீட்டுக்குள்ள இல்ல, மணல்ல கிடக்கு.”

“மலக்குகளும் கேற்றாலதானே வரணும்.” வானவர்களுக்கும் வேறு வழி இல்லை என்பது அவர் கணக்கு.

எங்கள் ஊர்களில் பெண்பிள்ளை வீட்டை விட்டுப் போவதில்லை. கல்யாணமானால் ஆண்தான் பெண்ணின் வீட்டுக்கு வந்து குடியேறுவான். பெண் பிறந்த நாளிலிருந்தே தகப்பன் கல்லும் சீமெந்தும் சேர்க்கத் தொடங்குவான். வீட்டை அவள் பேருக்கு எழுதிக் கொடுத்துவிட்டு, தாயும் தகப்பனும் பின்பக்கத்து அறைக்குள் ஒதுங்குவார்கள். நானும் அப்படி வந்தவன்தான். பிறந்த வீடு இப்போது என் மூத்த சகோதரி, ராத்தாவுடையது. மனைவியின் வீட்டைக் கல்முனைக்குடிக் கரையில் கடல் எடுத்தது. மூன்றாவது வீடு இது, நற்பிட்டிமுனைப் பக்கமாக, கடலை விட்டுத் தள்ளி, ஒரே மகளுக்காகக் கட்டியது. மூன்று வீடுகளில் இருந்தேன். ஒன்றும் என்னுடையதல்ல. அதில் எனக்குக் குறை இருந்ததில்லை. மகள் இருக்கும் வீடு, அவ்வளவுதான் கணக்கு.

மருமகன் நல்ல பிள்ளை. எரிபொருளுக்கு வரிசையில் நின்ற அந்த வருடம் அவர் இங்கிலாந்துக்குப் போனார். இரண்டு வருடத்தில் திரும்பி வருவதாகச் சொன்னார். பிறகு திரும்புவதைப் பற்றிய கதை குறைந்தது, மகளை அங்கே கூப்பிடும் கதை கூடியது. அவள் இங்கே வங்கியொன்றில் வேலை செய்தாள். விசாவுக்கு எழுதிப் போட்ட கிழமையில்தான் நான் மேல்மாடியைத் தொடங்கினேன். கீழே இடம் போதாததால்தான் பிள்ளைகள் தயங்குகிறார்கள் என்று மனைவியிடம் சொன்னேன். அவள் என்னைப் பார்த்த பார்வையை இங்கே எழுதத் தேவையில்லை.

மகளைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். அவளுக்கு ஒன்பது வயதில், ஹஜ்ஜுப் பெருநாளுக்கு குர்பான் கொடுக்க ஆடு ஒன்று வாங்கிவந்து கட்டினேன். அதற்கு என்ன பேர் வைப்பது என்று அவள் மூன்று நாள் யோசித்தாள். சோறு தின்னும்போதும் யோசித்தாள். கடைசியில் ஒரு பேர் வைத்தாள்; அதை இங்கே சொல்லமாட்டேன், அது அவளுக்கும் ஆட்டுக்கும் உள்ளது. பெருநாளன்று கயிற்றை அவிழ்க்கப் போனபோது ஆட்டின் கழுத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அழவில்லை. பிடித்த கையை மட்டும் எடுக்கவில்லை. அந்த ஆட்டை விட்டுவிட்டு, எங்கோ ஓடித்திரிந்து வேறொன்று வாங்கினேன். முதல் ஆடு கிழடாகித்தான் செத்தது. “இனி இந்த வீட்டுல அறுக்கிற எதுக்கும் பேர் வைக்கப்படா,” என்று அன்று மனைவி சட்டம் போட்டாள்.

ஆகவே நாய்க்குப் பேர் வைக்கச் சொல்லி நான் மகளிடம் கேட்டது சும்மா அல்ல.

ஒரு மாலை, வேலையிலிருந்து வந்து படிக்கட்டில் உட்கார்ந்திருந்தாள். குட்டி அவள் கழற்றி வைத்த செருப்பைக் கடிக்கப் பார்த்தது. “டேய்” என்று செருப்பை இழுத்துக்கொண்டாள்.

“மகள், வீடு உன்ட. வீட்டுக்குக் காவல் நிக்கிறதும் உன்ட நாய்தான். பேர நீதான் வைக்கணும்.”

“நீங்கதானே படிச்ச மனிசன், வாப்பா. அலுமாரி முட்டப் புத்தகம் இரிக்கி. அதுக்குள்ள ஒரு பேர் இல்லையா?”

அவள் எழும்பி உள்ளே போய்விட்டாள். பதில் கிடைக்கவில்லை என்று நான் எடுத்துக்கொள்ளவில்லை. பொருந்தாத பேர்களாக எடுத்துப் போட்டால், பொறுக்கமுடியாமல் அவளே நல்ல பேர் ஒன்றைச் சொல்லுவாள் என்று நினைத்தேன். அடுத்த வாரங்களில் சாப்பாட்டு மேசையில் இதுவே கதை. பழைய அகராதியில் நாய்க்கு ஞமலி என்று ஒரு சொல் உண்டு என்றேன்.

“அதக் கூப்பிட்டு முடிக்கிறதுக்குள்ள கள்ளன் சாமானோட போயிருவான்,” என்றாள் மனைவி.

குர்ஆனில் வரும், குகைக்குள் உறங்கிய நல்லடியார்களோடு வாசலில் கிடந்த நாய்க்கு ஒரு பேர் சொல்லுவார்களே, அதை வைக்கலாமா என்றேன்.

“சும்மா கிடங்க. அது சுவர்க்கத்துக்குப் போற நாய். இது மீன் தலைக்குச் சண்டை புடிக்கிற நாய்.”

எங்கள் ஆட்களின் பேர் எதையும் வைக்க முடியாது. தமிழ் ஆட்களின் பேர் வைத்தால் மேசனின் முகத்தில் விழிக்க முடியாது. மணி என்று ஒரு நாள் வாய்விட்டுச் சொல்லிவிட்டேன். அது அவருடைய மாமனாரின் பேராம்.

“வைங்க, ஹாஜியார். எனக்கு ஒண்டுமில்ல. அந்தாளும் சும்மாதான் குரைக்கிற.”

மகள் சிரித்தாள். எல்லாவற்றுக்கும் சிரித்தாள். பேர் மட்டும் சொல்லவில்லை.

மாரி மழை தொடங்கிய மாதம், மின்சாரம் போன ஒரு பின்னேரம், நேராகவே கேட்டேன்.

“ஒரு பேர் செல்லன், மகள். வாய்க்கு வந்த ஒண்டு.”

அவள் நாயைப் பார்த்தாள். அது மழையில் நனைந்த மணலைக் கிண்டிக்கொண்டிருந்தது.

“எனக்கும் அந்த ஆடு ஞாபகம் இரிக்கி, வாப்பா.”

நான் மெழுகுதிரி தேட எழும்பினேன்.

“பேர் வெச்சா மறுகா நான் போகமாட்டன் எண்டுதானே பாக்கிறீங்க?”

“சும்மா ஒரு நாய்க்குப் பேர்தானே கேட்டன்.”

“அப்ப சும்மா நீங்களே வைங்க.”

அவள் கோபிக்கவில்லை. என் கையைத் தொட்டுவிட்டுத்தான் போனாள்.

அன்று எனக்கு வந்தது கவலை அல்ல, நம்பிக்கை. பேர் வைப்பதில் ஒன்றுமில்லை என்றால் அவள் எப்போதோ வைத்திருப்பாளே. வைக்கப் பயப்படுகிறாள். பயப்படுகிறாள் என்றால் இன்னும் கட்டு அறவில்லை. அதன்பிறகு ஒவ்வொரு நாளும் அவள் அதை எப்படிக் கூப்பிடுகிறாள் என்று கேட்டுக்கொண்டிருந்தேன். “டேய்” என்பாள். “இஞ்ச வா” என்பாள். நாக்கால் ஒரு சத்தம் போடுவாள். அவ்வளவுதான். மழை விட்டது, பெரும்போகம் அறுத்தார்கள், நோன்பு வந்து போனது. நாய்க்குப் பேர் இல்லை. பேரில்லாத ஒவ்வொரு நாளையும் நல்ல செய்தியாக எடுத்துக்கொண்டேன். மேசனிடம் மேல்மாடித் தூண்களுக்குக் கம்பி கட்டச் சொன்னேன்.

“காவலுக்கு நாம ரெண்டு பேரும் காணாதா?” என்றாள் மனைவி ஒரு நாள், நாய்க்குச் சிரட்டையில் சோறு வைத்துக்கொண்டே. “நாய் வேற வேணுமா?”

விசா ஒரு திங்கட்கிழமை வந்தது. மகள் வாசலில் நின்றபடி கைபேசியைப் பார்த்து, “வந்திட்டு” என்றாள். அவள் முகத்தில் இருந்த சந்தோசத்தை அப்போதுதான் முழுதாகப் பார்த்தேன். இத்தனை மாதமும் எங்களுக்காக அதை மூடி வைத்திருந்திருக்கிறாள். மனைவி அவளைக் கட்டிப்பிடித்து அழுதாள். நான் போய் மணல் குவியலைப் பார்த்துக்கொண்டு நின்றேன். இன்னும் பேர் வைக்கவில்லையே என்று ஒரு மூலையில் மனம் சொல்லிக்கொண்டிருந்தது. பைத்தியக்காரத்தனம் என்று தெரிந்தும் அதை நிறுத்த முடியவில்லை.

புறப்பட்டது வெள்ளிக்கிழமை, ஜும்ஆ முடிந்து. வேன் கேற்றுக்குள் வந்து நின்றது. பெட்டிகளை ஏற்றிக்கொண்டிருந்தோம். நாய் அதற்குள் வளர்ந்து மகளின் முழங்கால் உயரத்துக்கு வந்திருந்தது. பெட்டிகளைக் கண்டதும் அதற்கு விளையாட்டு வந்துவிட்டது. ஓடிவந்து அவளுடைய சால்வையின் நுனியைக் கவ்விக்கொண்டது.

“எச்சில் படுது, எச்சில் படுது!” என்று மனைவி கத்தினாள்.

மகள் குனிந்து சால்வையைப் பிடித்து இழுத்தாள்.

“டைகர், விடு.”

அப்படித்தான் சொன்னாள். யோசிக்கவில்லை. குரலில் ஒன்றும் இல்லை. கல்முனையிலிருந்து திருக்கோவில் வரைக்கும் கேற்றுக்குக் கேற்று நிற்கிற பேர். வேறொருவர் வீட்டு வாசலில் நாய் குறுக்கே வந்தால் நாம் எல்லோரும் வாய்க்கு வந்தபடி கூப்பிடுவோமே, அந்தப் பேர். நாய்க்கு அது தன் பேர் என்று தெரியாததால் விடவில்லை. அவள் சால்வையையே கழற்றி, அதன் வாயிலிருந்து பிடுங்கிக் கொடியில் போட்டுவிட்டு, உள்ளே போய்க் கையைக் கழுவி, வேறொன்றைப் போட்டுக்கொண்டு வந்து வேனில் ஏறினாள்.

“கேட்டீங்களா?” என்றாள் மனைவி என் காதுக்குள். முகம் மலர்ந்திருந்தது. “கடைசில பேர் வெச்சிட்டாள்.”

ஆட்டுக்கு அவள் யோசித்த மூன்று நாட்களும் ஞாபகத்தில் வந்து நின்றன. அவள் பேர் வைக்கப் பயப்படவில்லை. பேர் வைத்த பிறகும் போய்விட்டால் என் மனம் நோகும் என்றுதான் வைக்காமல் இருந்திருக்கிறாள். விமான நிலையம் வரைக்கும் வழியெல்லாம் அவள் கதைத்துக்கொண்டே வந்தாள்; நானும் கதைத்தேன். எதைப் பற்றி என்று கேட்டால் சொல்லத் தெரியாது. கேட்டால் சொல்லத் தெரியாத நாள் என் வாழ்க்கையில் அது ஒன்றுதான்.

அந்தச் சால்வையை மனைவி பிறகு கழுவினாள், ஏழு தரம். மண்ணை மணல் குவியலின் அடியிலிருந்து, நாய் படுக்காத பக்கமாக அள்ளினாள். மடித்து அலுமாரியில் வைத்திருக்கிறாள்.

மேல்மாடி வேலையை நிறுத்திவிட்டோம். தூண்களுக்குக் கட்டிய கம்பிகள் வானத்தைப் பார்த்தபடி துருவேறின. நாய் ஒரு கிழமையில் தன் பேரைப் பழகிவிட்டது. மனைவி கூப்பிட்டால் வரும், பக்கத்து வீட்டுக்காரர் கூப்பிட்டாலும் வரும். நான் கூப்பிடுவதில்லை.

மகள் ஞாயிற்றுக்கிழமைகளில் கைபேசியில் அழைப்பாள். குளிர், வேலை, பஸ், அங்கே கிடைக்கும் மீன். மருமகனும் எட்டிப் பார்த்து ஸலாம் சொல்லுவார். அங்கே ஒரு வீடு பார்த்திருப்பதாக ஒரு நாள் சொன்னாள். சின்னதுதான், ஆனால் பின்பக்கம் கொஞ்சம் புல் இருக்கிறதாம். எங்களுக்குக் காட்டுவதற்காகக் கைபேசியைத் திருப்பினாள். மழைதான் தெரிந்தது. இங்கே வாசலில் நாய் குரைத்தது அவளுக்குக் கேட்டிருக்க வேண்டும்.

“ஆ, அந்த நாய் இன்னும் நிக்கிதா? மறுகா என்ன பேர் வெச்சீங்க, வாப்பா?”

மனைவி வாயைத் திறந்தாள். நான் அவளுடைய கையைப் பிடித்தேன்.

“இன்னும் வைக்கல்ல, மகள்.”

“கெதியா வைங்க. வளந்துட்டா பழகாது.”

“ஓம், மகள்.”

பேசி முடிந்ததும் மனைவி கேட்டாள்: “ஏன் பொய் செல்றீங்க?” நான் அலுமாரியில் எதையோ தேடுகிறவன் போல நின்றேன்.

மறுநாள் திங்கள், மேசனை வரச்சொன்னேன். கம்பிகளை வெட்டி, தூண் தலைகளைப் பூசிவிடச் சொன்னேன். அவர் அண்ணாந்து பார்த்தார். அவர் கட்டிய கம்பி அது.

“அப்ப மேல கட்டுற எண்ணம் இல்லையா, ஹாஜியார்? விட்டு வெச்சா பிறகு உதவும்.”

“இல்ல. வெட்டுங்க.”

அவர் வெட்டத் தொடங்கினார். மாமனாரைப் பற்றி அன்று பகிடி ஒன்றும் சொல்லவில்லை. வெட்டிய துண்டுகள் ஒவ்வொன்றாகக் கீழே விழுந்தன. நாய் ஒவ்வொரு சத்தத்துக்கும் எழும்பிக் குரைத்தது. தூண் தலைகளுக்கும், படிக்கட்டுக்கும், ஒரு பக்கச் சுவருக்கும் பூசியதில் மாலைக்குள் மணல் முழுவதும் முடிந்துபோனது. மேசன் கை கால் கழுவிவிட்டுப் போன பிறகு, நாய் குவியல் இருந்த இடத்தைச் சுற்றிச் சுற்றி மணந்து பார்த்தது. பிறகு அங்கேயே, வெறும் தரையில் படுத்துக்கொண்டது.