சல்லடையில் தங்கிய நீலம்

1. புரொஃபசர் கேட்ட கேள்வி

"இலை இருக்கற கல்லுல கடல் ஓடு எப்படிம்மா வரும்? உன் சல்லடையில இருந்துதான் வந்திருக்கும்."

புரொஃபசர் இப்படிக் கேட்டதும் வசந்தா மேடத்துக்கு முகம் வெளுத்துவிட்டது. அவர் எங்கள் துறையில் பி.எச்டி. செய்துகொண்டிருந்தவர். அந்தக் கல்லைக் கழுவிக் கொடுத்த லேப் அட்டெண்டர் நான்.

பிள்ளைகளே, என் வேலை என்ன என்று நீங்கள் பலமுறை கேட்டிருக்கிறீர்கள். சென்னையில் ஒரு கல்லூரியின் நிலவியல் துறையில் கல் கழுவுவதுதான் அப்போது என் வேலை. களிக்கல்லை ஊறவைத்து, சலவைச் சோடா போட்டுக் காய்ச்சி, மெல்லிய கம்பிச் சல்லடையில் ஊற்றிக் கழுவ வேண்டும். சேறெல்லாம் ஓடியபின் மணலோடு கசகசாவைவிடச் சின்ன ஓடுகள் சில தங்கும். அவற்றை ஃபோராம் என்போம். பழங்காலக் கடலில் வாழ்ந்த உயிர்களின் வீடு அது. ஒரு கல்லில் ஃபோராம் இருந்தால், அந்த மண் படிந்த காலத்தில் அங்கே கடல் இருந்திருக்கிறது என்று அர்த்தம்.

மேடத்தின் கல் ஸ்ரீபெரும்புதூர் பக்கம் கிணறு வெட்டிய இடத்தில் கிடைத்தது. பிளந்தால் உள்ளே பெரணி மாதிரி இலை பதிந்திருக்கும். அதே கல்லில் ஃபோராமும் கிடைத்ததால், காடும் ஆழக்கடலும் அங்கே பக்கத்தில் பக்கத்தில் இருந்தன என்று எழுதியிருந்தார். அவருடைய ஆராய்ச்சிக்கு உயிரே அந்த அத்தியாயம்தான்.

புரொஃபசரின் சந்தேகமும் நியாயமானது. அந்தக் கல்லுக்கு முன்னால் அதே சல்லடையில் கடலடி மண் கழுவியிருந்தோம். கம்பிக் கண்ணில் சிக்கிய ஓடு, எவ்வளவு பிரஷ் போட்டுத் தேய்த்தாலும் சில சமயம் வராது. அடுத்த கல்லைக் கழுவும்போது தானாக விழும்.

"மிச்சக் கல் இருக்கா?"

"பாதி எடுத்து வெச்சிருக்கேன் சார்" என்றார் மேடம்.

"சல்லடைக்கு நீலம் போட்டு, என் கண்ணு முன்னாடி கழுவுங்க. ஓடு நீலமா வந்தா அந்தச் சாப்டரை எடுத்துடணும். இல்லேன்னா தீசிஸ்ல நான் கையெழுத்துப் போட மாட்டேன்."

நீலம் என்றால் மெத்திலின் புளூ. சாயத்தில் சல்லடையை முக்கினால், கண்ணில் சிக்கியிருக்கும் பழைய ஓடெல்லாம் நீலமாகிவிடும். அதன்பின் கழுவும் கல்லின் ஓடு தன் நிறத்திலேயே இருக்கும். எது பழசு, எது புதுசு என்று கண்ணே சொல்லிவிடும்.

ஆனால் கழுவத் தண்ணீர்? அந்தக் கோடையில் சென்னைக் குழாய்களில் காற்றுதான் வந்தது. ஆரணியில் என் அண்ணனின் சாயப்பட்டறையில் நல்ல கிணறு இருந்தது. மேடம் தீசிஸ் கொடுக்க வேண்டிய நாள் நெருங்கிவிட்டதால், புரொஃபசரும் மைக்ராஸ்கோப்போடு கிளம்பி வந்துவிட்டார்.

2. வெள்ளைப் பட்டு

"இன்னாடா தம்பி, சல்லடைக்குக் கல்யாணமா? பட்டு மாதிரி நீலத்துல முக்கிகினு கீற!" என்று அண்ணன் சிரித்தார். வேறு யாரும் சிரிக்கவில்லை.

சல்லடையை அலச ஆரம்பித்தபோது புரொஃபசர் ஒரு புதுச் சிக்கலைப் போட்டார். "சாயம் கொஞ்சம் தங்கிட்டாலும் புது ஓடும் நீலமாயிடும். அப்புறம் இந்த டெஸ்டுக்கே அர்த்தமில்லையே. சாயம் முழுக்கப் போச்சுன்னு எப்படித் தெரியும்?"

தண்ணீர் தெளிவாகத்தான் தெரிந்தது. மேடம் என்னைப் பார்த்தார். நான் அண்ணனைப் பார்த்தேன்.

அண்ணன் கொடியிலிருந்து வெள்ளைப் பட்டு இழை ஒன்றை உருவினார். "நாங்க ஒரு சாயம் போட்ட அண்டாவுல அடுத்த சாயம் போடறதுக்கு மின்னாடி இதைத்தான் சார் முக்கிப் பாப்போம். தண்ணி பொய் சொல்லும். பட்டு சொல்லாது."

அலசிய தண்ணீரில் இழையை ஊறப்போட்டு எடுத்தார். மெல்லிய நீலம் ஏறியிருந்தது. மறுபடி இறைத்தோம், அலசினோம், புது இழை போட்டோம். அதிலும் நீலம். கரண்ட் வேறு இல்லை. வெயில் இருக்கும்போதே மைக்ராஸ்கோப் பார்க்க வேண்டும். வாசலில் வெயில் ஒதுங்கிக்கொண்டே போனது.

"ஜல்தி ஊத்துடா, வேடிக்கை பாத்துகினு நிக்காத!"

கை மரத்துப்போனபின் ஒரு இழை வெள்ளையாகவே வந்தது. புரொஃபசர் அதை வெயிலில் பிடித்துப் பார்த்து, "இப்ப காய்ச்சி வெச்ச கல்லை ஊத்து" என்றார்.

கழுவியபின் சல்லடையில் தங்கியதைச் சாய அடுப்பின் சூட்டில் உலர்த்தினேன். மைக்ராஸ்கோப்பை வாசலில் வைத்துப் புரொஃபசரே குனிந்தார். மேடம் சுவரைப் பார்த்து நின்றுகொண்டார்.

"நீலம்" என்றார் புரொஃபசர்.

மேடம் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

"இன்னொண்ணு. இதுவும் நீலம்."

பிரஷ் நுனி தட்டில் மெதுவாக நகர்ந்தது.

"இது... சாயம் இல்லை."

மேடம் நிமிர்ந்தார்.

"இதுலயும் இல்லை. வசந்தா, நீயே வந்து பாரு."

நீலமாக வந்தவை எல்லாம் சுருள் சுருளான, பளபளப்பான ஓடுகள். கடலடி மண்ணிலிருந்து வந்து சிக்கியவை. சாயம் ஏறாதவை வேறு ஜாதி. மணல் துகளை ஒட்டிக் கட்டிய, நீளமான, சொரசொரப்பான ஓடுகள். அவை இலை இருந்த கல்லுக்கே சொந்தம்.

"ஆழக்கடல்னு எழுதியிருக்கியே, அதை அடிச்சிடு. கரையோரத்து ஆழமில்லாத கடல்னு எழுது. சுருள் ஓடு ஒண்ணுகூட உன் கணக்குல வரக்கூடாது."

"அப்ப சாப்டர் இருக்கா சார்?"

"இருக்கு. பாதியைத் திருப்பி எழுதணும்."

"இன்னா மேடம், அழுவறீங்களா, சிரிக்கறீங்களா?" என்றார் அண்ணன். மேடம் இரண்டையும்தான் செய்துகொண்டிருந்தார்.

அதன்பின் எங்கள் லேபில் ஒவ்வொரு கல்லுக்கும் நடுவில் சல்லடைக்கு நீலம் போடுவோம். அலசிய தண்ணீரில் ஆரணிப் பட்டு இழை ஒன்றும் ஊறும். ரிட்டயர் ஆகும்வரை அதை நான் விடவில்லை. கழுவிவிட்டோம் என்று நம்புவது வேறு, கழுவியதைச் சோதித்துப் பார்ப்பது வேறு. உங்கள் வேலை எதுவானாலும் அதற்கும் ஒரு வெள்ளை இழை இருக்கும். தேடி வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த நீல ஓடுகளை மேடம் தூக்கி எறியவில்லை. தனி ஸ்லைடில் ஒட்டி, மேலே தன் கையால் எழுதி வைத்தார்: "நம் கல்லுடையவை அல்ல."