என் தங்கைக்கு இதயம் வலப்பக்கம்

எங்கள் வீட்டில் இருந்தது ஒரே ஒரு கண்ணாடி. அதுவும் நைனா சவரம் செய்துகொள்ள வைத்திருந்த, ஓரம் உடைந்த சின்னக் கண்ணாடி. எனக்கும் என் தங்கைக்கும் அது தேவைப்பட்டதே இல்லை. ஒருத்திக்கு எதிரே ஒருத்தி உட்கார்ந்தால் போதும், பொட்டு கோணலா, வகிடு நேரா என்று தெரிந்துவிடும். நான் வலக்கையால் நெற்றியைத் தொட்டால் அவள் இடக்கையால் தொடுவாள். நான் பவுடர் பூசப் பூச அவளும் பூசுவாள். பள்ளிக்கூடம் கிளம்புகிற அவசரத்தில் எங்கள் வீட்டில் நடந்த இந்தக் கூத்தைப் பார்க்கப் பக்கத்து வீட்டுப் பெண்கள் பல் விளக்கிக்கொண்டே வந்து நிற்பார்கள்.

நாங்கள் இரட்டைப் பிள்ளைகள். கொஞ்சம் முந்திக்கொண்டு வெளியே வந்துவிட்டதால் நான் அக்கா. அந்த அதிகாரத்தை இன்றுவரை நான் விட்டுக்கொடுத்தது கிடையாது. வீட்டில் நான் பெரிசு, அவள் சின்னது. என் இடது கன்னத்தில் ஒரு மச்சம். அவளுக்கு அதே அளவில் வலது கன்னத்தில். உச்சந்தலையில் என் சுழி ஒரு பக்கமாகச் சுற்றினால் அவளுடையது மறுபக்கமாகச் சுற்றும். மொட்டை போட்ட அன்று முதலில் இதைக் கண்டுபிடித்தவர் நாவிதர்தானாம். கத்தியைக் கீழே வைத்துவிட்டு எங்கள் இரண்டு தலையையும் மாறி மாறிப் பார்த்தார் என்று நைனா சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்.

அம்மாவுக்கு இதிலெல்லாம் ஒரு குறையும் இல்லை, தங்கையின் இடக்கையைத் தவிர. சோற்றில் அந்தக் கை போனால் கரண்டிக் காம்பு அதன்மேல் இறங்கும். பழவேற்காடு மார்க்கெட்டில் அம்மா இறால் விற்கும்போது தங்கை கூட உட்கார்ந்து இடக்கையால் பையை நீட்டினால், அங்கேயே அவள் தொடையில் ஒரு கிள்ளு விழும். "பீச்சாங்கையால குட்த்தா எவன்டி வாங்குவான்?" என்பாள். நைனா மட்டும் ஒன்றும் சொல்ல மாட்டார். கிழிந்த வலையைப் பின்ன எங்கள் இரண்டு பேரையும் உட்கார்த்தினால், பின்னி முடித்த பிறகு எது யார் போட்ட முடிச்சு என்று தடவிப் பார்த்தே சொல்லிவிடுவார். அவள் போட்ட முடிச்செல்லாம் மறுபக்கம் திரும்பியிருக்கும்.

நாங்கள் நாலாவது படித்தபோது பள்ளிக்கூடத்தில் மருத்துவ முகாம் போட்டார்கள். வரிசையில் எனக்குப் பின்னால் தங்கை. டாக்டரம்மா என் நெஞ்சில் ஸ்டெதஸ்கோப்பை வைத்துக் கேட்டு, போ என்று தலையசைத்தார். அவளுக்கும் அதே இடத்தில் வைத்தார். எடுத்து, குழாயைத் தட்டிப் பார்த்து, மறுபடி வைத்தார். அவர் முகம் சுருங்கிவிட்டது. அப்புறம் மெதுவாக, ஏதோ யோசித்தவரைப் போல, குழாயை வலப்பக்கம் நகர்த்தினார். கண் இரண்டும் விரிந்தன. என்னைக் கூப்பிட்டு என் காதிலேயே அதை மாட்டிவிட்டார். அப்பா! ஓர் ஆளின் நெஞ்சுக்குள் இவ்வளவு சத்தமா! படகு எஞ்சின் தூரத்தில் வருவது மாதிரி, நிற்காமல், சலிக்காமல். நான் வாயைப் பிளந்துகொண்டு நின்றேன்.

"பாப்பா, உனக்கு ஹார்ட் வலது பக்கம் இருக்கு."

"அங்கதான இருக்கும்?" என்றாள் தங்கை. "எப்பவும் அங்கதான அடிக்குது."

சாயங்காலம் அம்மாவை வரவழைத்து டாக்டரம்மா பொறுமையாகத்தான் சொன்னார். இதயம் இடம் மாறி இருக்கிறது, பல பேருக்கு இதனால் ஒரு தொந்தரவும் வராது, ஆனாலும் சென்னையில் பெரிய ஆஸ்பத்திரியில் ஒரு ஸ்கேன் எடுத்துப் பார்த்துவிடுவது நல்லது என்றார். அம்மாவின் காதில் முதல் பாதி மட்டும்தான் விழுந்தது. வீட்டுக்கு வருகிற வழியெல்லாம் அழுதாள். வாசலிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"எம்மா கங்கம்மா தாயே, எங்க இர்க்கணும்னு நீ வச்சியோ அங்க இல்லியே! எம்புள்ள பொழைக்குமா?"

அன்றைக்கு ராத்திரிச் சோற்றின்போதுதான் அவள் மனதில் இருந்தது வெளியே வந்தது. தங்கை பயந்துபோய்த் தானாகவே வலக்கையைச் சோற்றில் வைத்தாள். அம்மா பாய்ந்து வந்து அந்தக் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"வேணாண்டா கண்ணு. பீச்சாங்கையாலயே சாப்புடு. நான்தான் பாவி, சோத்தாங்கை சோத்தாங்கைன்னு அட்ச்சு அட்ச்சு எல்லாத்தையும் அந்தாண்ட தள்ளிட்டேன். அது பாட்டுக்கு இந்தப் பக்கம் வந்துடும். நீ சாப்புடு."

அதாவது, அவள் அடித்த அடியில் இதயம் பயந்து வலப்பக்கம் ஓடிவிட்டதாம். இப்போது இடக்கைக்கு வேலை கொடுத்தால் திரும்பி வந்துவிடுமாம்! ஸ்கேனுக்கு நாள் கிடைக்கும்வரை எங்கள் வீட்டில் நடந்ததை என்னவென்று சொல்ல! கரண்டி, சீப்பு, பென்சில் எல்லாம் தங்கையின் இடக்கையில் கெஞ்சிக் கெஞ்சித் திணிக்கப்பட்டன. நண்டுக் காலை உடைத்துச் சதையை எடுத்து அம்மாவே ஊட்டினாள். எனக்குப் பொறாமை தாங்கவில்லை. ஒருநாள் நானும் இடக்கையால் சோற்றைப் பிசைந்து பார்த்தேன். கரண்டிக் காம்பு எனக்கு இறங்கியது.

ஆனால் தங்கை ஓடக்கூடாது, ஏரியில் இறங்கக்கூடாது என்று அம்மா கட்டளை போட்டுவிட்டாள். தண்ணீரில்லாமல் அவள் வாடிப்போனாள். சேற்றுத் திட்டில் ஒரு கொடுக்கு மட்டும் பெரிதாக இருக்கும் சின்ன நண்டுகள் வரும். எந்த நண்டுக்கு வலக்கொடுக்கு பெரிசு, எந்த நண்டுக்கு இடக்கொடுக்கு பெரிசு என்று பார்த்துக்கொண்டு கரையிலேயே உட்கார்ந்திருப்பாள். ஒருநாள் என்னிடம், "பெருசு, நான் செத்துப் பூட்டா நீ யாரப் பாத்துப் பொட்டு வப்ப?" என்று கேட்டாள். நான் அவள் வாயிலேயே ஒன்று போட்டேன். அப்புறம் இரண்டு பேரும் சேர்ந்து அழுதோம்.

அந்தச் சமயத்தில்தான் மாமன் வந்தார், அம்மாவின் தம்பி. நைனாவோடு ஒரே வலையில் பங்கு வைத்திருந்தவர். அவருக்குத் தெரியாத விஷயமே உலகத்தில் கிடையாது.

"இன்னாக்கா இதுக்குப் போயி ஒப்பாரி வக்கிற? நாக்கு மீனுக்கு ரெண்டு கண்ணும் ஒரே பக்கம் கீது. அது இன்னா செத்தா பூடுச்சு? கடல்ல கீற சங்கெல்லாம் ஒரு பக்கமாத் திரும்பிக்கினு கீது. எங்கயோ ஒண்ணு மட்டும் மாத்தித் திரும்புது. அதுக்குப் பேரு இன்னா? வலம்புரி! ராசாவூட்லயே கெடைக்காது. அது நம்ம வூட்ல வந்து பொறந்திருக்குதுக்கா."

அவ்வளவுதான். பொழுது சாய்வதற்குள் குப்பம் முழுக்கப் பரவிவிட்டது. புதுப் படகு இறக்குகிறவர்கள் தங்கையைக் கூட்டிப்போய்ப் படகைத் தொடச் சொன்னார்கள். ஒரு பெரியம்மா தன் பேரனுக்குக் காய்ச்சல் என்று அவள் கையால் திருநீறு வாங்கிப் போனாள். அவள் நெஞ்சில் காதை வைத்துக் கேட்டுவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டவர்கள் உண்டு. நான் கூடவே நின்று, ஒவ்வொருவராக வாருங்கள் என்று அதிகாரம் செய்துகொண்டிருந்தேன்.

எங்கள் பக்கத்தில் ஏரியில் நினைத்த இடத்தில் சுத்துவலை கட்டிவிட முடியாது. முகத்துவாரத்துக்கு அருகே இறால் அதிகம் வரும் இடங்களில் யார் முதலில், யார் அடுத்து என்று முறை வைத்திருப்பார்கள். அதற்குப் பாடு என்று பெயர். அந்த வருஷத்துப் பாடு யார் யாருக்கு என்று கோயில் முன்னால் சீட்டுக் குலுக்கினார்கள். பெண்கள் அந்தக் கூட்டத்துக்குப் போகிற வழக்கமே கிடையாது. ஆனாலும் சீட்டெடுக்க மாமன் தங்கையைக் கூட்டிக்கொண்டு போனார். நானில்லாமல் போக மாட்டேன் என்று அவள் நின்றுவிட்டதால் நானும் போனேன்.

பித்தளைச் சொம்பில் சீட்டு தயார். எந்தக் கையால் எடுப்பது என்பதில் தொடங்கியது வம்பு. சாமி முன்னால் பீச்சாங்கையை நீட்டக்கூடாது என்றார் ஊர்த் தலைவரான நாட்டார். மாமன் விடுவாரா?

"நாட்டாரே, வலம்புரிக்கு எல்லாமே மாத்திதான் வரும். அதுக்கு அதான் சோத்தாங்கை!"

கூட்டம் இரண்டாகப் பிரிந்து கத்தியது. பெரிய பெரிய மீசைக்காரர்கள் ஒரு சின்னப் பெண்ணின் இரண்டு கைகளைப் பற்றி அப்படிச் சண்டை போட்டதை வேறெந்த ஊரிலும் பார்த்திருக்க முடியாது. கடைசியில் நைனாதான் எழுந்து, "கொயந்த அது. எதுல எடுக்குதோ எடுக்கட்டும்," என்றார்.

தங்கை திருதிருவென்று விழித்துவிட்டு எதிரே நின்ற என்னைப் பார்த்தாள். வலக்கை என்று சொல்வதற்காக நான் என் வலக்கையைத் தூக்கிக் காட்டினேன். தினமும் காலையில் செய்வது போலவே அவள் இடக்கையைத் தூக்கிச் சொம்புக்குள் விட்டாள்.

அவள் எடுத்த முதல் சீட்டு மாமனுக்கு ஆகவே ஆகாத வலைக்காரருக்குப் போனது. எங்கள் வலைக்கு வந்தது கடைசிப் பாடு. "வலம்புரி எங்க வூட்டுக்குல்ல வந்துச்சு, மச்சான்!" என்று அந்த ஆள் தொடையைத் தட்டிச் சிரித்தார். மாமன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போயேபோய்விட்டார். நைனா மட்டும் சிரித்தபடி தங்கையைத் தூக்கிக்கொண்டார். நாலாவது படிக்கிற பிள்ளையை வீடுவரை இறக்காமல் தூக்கி வந்தார். கூட ஓடிவந்த நான் அண்ணாந்து பார்த்தபோது அவர் சிரிக்கவில்லை.

ஸ்கேன் அறையில் ஒரே குளிர். பெரிய டாக்டர் திரையைப் பார்த்தார், தங்கையைப் பார்த்தார், மறுபடி திரையைப் பார்த்தார். படிக்கிற டாக்டர் பிள்ளைகளை எல்லாம் உள்ளே கூப்பிட்டார். ஒவ்வொருத்தராக வந்து குனிந்து பார்த்து, "அம்மாடி!" என்று போனார்கள். என்னையும் பக்கத்தில் படுக்கவைத்துப் பார்த்தார். அப்புறம் எங்கள் அம்மாவை உட்காரச் சொன்னார்.

"பயப்பட ஒண்ணுமே இல்லம்மா. இதயம் மட்டும் இல்ல. ஈரல், இரைப்பை, எல்லாமே பக்கம் மாறி இருக்கு. பெரியவளைக் கண்ணாடியில காட்டினா எப்படித் தெரியுமோ, சின்னவ உள்ள அப்படி இருக்கா. எதுவும் கெட்டுப்போகல. நூறு வருஷம் இருப்பா. நீந்தலாம், ஓடலாம். எந்த டாக்டர்கிட்ட போனாலும் இதை மட்டும் முதல்ல சொல்லிடுங்க. இல்லன்னா அவங்க தப்புப் பக்கம் தேடுவாங்க."

அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு, இத்தனை நாளாக நெஞ்சை அறுத்த கேள்வியைக் கேட்டாள்.

"நான் கையில அட்ச்சதாலயா சார்?"

டாக்டர் சிரிக்கவில்லை. "இல்லம்மா. இவ உங்க வயித்துல அரிசி அளவு கூட இல்லாதப்பவே முடிவான விஷயம் இது. அப்போ கருவுல கண்ணுக்குத் தெரியாத முடி மாதிரி சிலது இருக்கும். அது சுழல, சுத்தி இருக்கிற நீர் ஒரு பக்கமா ஓடும். அந்த ஓட்டம் போற பக்கத்தை வச்சுத்தான் எது இடம், எது வலம்னு உடம்பு தெரிஞ்சுக்குது. எப்பவாவது ஒருத்தருக்கு அது மாறிடும்."

நைனா எழுந்து திரைக்குக் கிட்டே போனார். முகத்துவாரத்தில் ஏற்றத்துக்குத் தண்ணீர் உள்ளே வருவதையும் வற்றத்துக்கு வெளியே போவதையும் ஆயுள் முழுக்கப் பார்த்த மனிதர்.

"அப்ப உள்ளயும் ஒரு ஓட்டம் கீது," என்றார் மெதுவாக. அந்தத் திரையை நோக்கி அவர் கைகூப்பியதை நான் பார்த்தேன்.

நான் வளர்ந்து, கல்யாணமாகி, எனக்கு மகள் பிறந்தாள். அவளை முதன்முதலாக நெஞ்சோடு அணைத்தபோது ஏதோ குறைவதுபோல் இருந்தது. அவள் துடிப்பு என் வலப்பக்கத்தில் வந்து தட்டியது, என்னுடையது இடப்பக்கத்தில் தனியாக அடித்தது. எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. கணவரை அணைத்துப் பார்த்தேன், அம்மாவை அணைத்துப் பார்த்தேன். எல்லாரிடமும் அப்படியேதான். எதிரெதிரே நின்று கட்டிக்கொள்ளும் யாருக்கும் இரண்டு இதயங்கள் ஒன்றுக்கு நேராக ஒன்று வருவதில்லை.

சின்ன வயதில் ஸ்கேன் எடுத்துவிட்டு ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பிய அன்று பொன்னேரி தாண்டி, திருப்பாலைவனம் தாண்டிப் பஸ் போய்க்கொண்டிருந்தது. அம்மா அழுது ஓய்ந்து தூங்கிவிட்டாள். நாளைக்கு ஏரியில் இறங்கலாம் என்ற சந்தோஷத்தில் தங்கை என்னை இறுக்கிக் கட்டிக்கொண்டாள். என் இதயமும் அவள் இதயமும் ஒரே இடத்தில், ஒன்றன்மேல் ஒன்றாக இடித்தன. கொஞ்ச நேரத்தில் எது யாருடையது என்றே தெரியவில்லை. கட்டிக்கொண்டால் எல்லாருக்கும் இப்படித்தான் இருக்கும் என்று நினைத்துக்கொண்டு நானும் தூங்கிப்போனேன்.