மணல் இல்லை, மண்

ஓசூர் பேருந்து நிலையத்துக்கு எதிரே ஒரு பிளெக்ஸ் கட்டியிருந்தார்கள். எழுத்துக் கூட்டிப் படிக்கப் பழகியதிலிருந்து வழியில் எந்தப் பலகையையும் நான் விடுவதில்லை. இந்த வயதில் அதில் எனக்கு அப்படி ஒரு சந்தோஷம். அன்றும் ஆசையாகத்தான் ஆரம்பித்தேன். கண்ணீர் அஞ்சலி. அடுத்த வரி, வக்கீல் ரஷீதா பேகம். திரும்ப முதலிலிருந்து கூட்டினேன். அதேதான் வந்தது. மாரடைப்பு, அடக்கம்கூட முடிந்துவிட்டது என்றார் டீக்கடைக்காரர். ரஷீதா அம்மா வீட்டில் அவர் படத்தைத் தர மறுத்திருப்பார்கள் போல. பலகை முழுக்க மணல் லாரி முதலாளி ஒருவர் கும்பிட்டபடி நின்றார். எனக்கு அழுகைக்கு முன்னால் குமட்டல் வந்தது. பெயரை எழுதி அவருக்கு இன்னொரு விளம்பரம் தரமாட்டேன். லாரிக்காரர் என்றே சொல்கிறேன்.

ரஷீதா அம்மாவைத் தெரிந்தவர்களுக்காக மெதுவாக இதை எழுதுகிறேன். ஜவளகிரிப் பக்கம் எங்களுக்குக் கொஞ்சம் மேட்டு நிலம். ஏரி வண்டலை எடுத்து நிலத்தில் போட அனுமதி வாங்கியிருந்தோம். என் மருமகன் டிராக்டரில் வண்டல் ஏற்றி வந்தபோது போலீஸார் மடக்கினார்கள். வீட்டிலிருந்த அனுமதிச் சீட்டை அவன் ஓடிப்போய் எடுத்து வருவதற்குள் வண்டி சுமையோடு ஸ்டேஷனுக்குப் போய்விட்டது. வழக்கு எழுதியவர் மண் என்று எழுதாமல் மணல் என்று எழுதிவிட்டார். சீட்டைக் காட்டினால், சீட்டு மண்ணுக்கு, வண்டியில் இருப்பது மணல் என்றார்கள். ஏரிச் சேற்றை மணல் என்று சொல்லும் வாயை என்ன செய்வது?

பிடித்த வண்டிகளை நிறுத்தும் இடத்தை நீங்கள் பார்த்திருக்கலாம். போகிறவன் வருகிறவன் எல்லாம் டயர்மேல் மூத்திரம் பெய்கிற இடம். என் டிராக்டருக்குப் பக்கத்தில் லாரிக்காரரின் டிப்பர் நின்றது. அதில் இருந்தது உண்மையான ஆற்று மணல், ஜூஜுவாடி எல்லை தாண்டிக் கர்நாடகத்துக்குப் போகவிருந்தது. சில நாளில் டிப்பர் வெளியே வந்தது. எடுத்துக் கொடுத்தவர் எங்கள் கேஸையும் நடத்திய ரஷீதா அம்மாதான். எனக்கு அவர்மேலேயே அருவருப்பு வந்து, முகத்துக்கு நேரே கேட்டுவிட்டேன். அவர் கோபப்படவில்லை.

"வெயில்லயும் மழையிலயும் போட்டு வண்டியை அழிக்காதீங்க, கேஸ் முடியற வரைக்கும் சொந்தக்காரன்கிட்ட கொடுங்கன்னு கேக்கறது என் வேலை. அவனை உத்தமன்னு சொல்றது என் வேலை இல்லீங்க ஐயா. உங்களுக்கும் அதே மனுதான், பேரு மட்டும் மாறும்" என்றார். சொல்லும்போது அவருக்கே வாய் கசந்தது தெரிந்தது. அந்த டிப்பர் மறுபடி மாட்டியபோது லாரிக்காரர் பழக்கூடையோடு வந்தார். கூடையையும் அவரையும் ரஷீதா அம்மா வாசலிலேயே நிற்கவைத்துத் திருப்பி அனுப்பினார்.

எங்கள் மனுவுக்கு மட்டும் வாய்தா மேல் வாய்தா. மணல்தான் என்று ஒப்புக்கொண்டு அபராதம் கட்டினால் அன்றைக்கே வண்டி கிடைக்கும் என்று ஒருவர் வழி சொன்னார். வானம் கறுத்துக்கொண்டு வந்தது, உழவு நின்றுகிடந்தது. ஒப்புதல் தாளில் கைநாட்டு வைக்க நான் விரலை மையில் தோய்த்துவிட்டேன். ரஷீதா அம்மா தடுக்கவில்லை. படித்துக் காட்டுகிறேன், பிறகு வையுங்கள் என்றார். 'அரசு மணலைத் திருடி ஏற்றியதை ஒப்புக்கொள்கிறேன்' என்ற இடத்தில் நிறுத்தி என்னைப் பார்த்தார். விரலை வேட்டியில் துடைத்துக்கொண்டேன். எழுத்துப் பழக ஆரம்பித்தது அதற்குப் பிறகுதான்.

"பெருசு இனிமே ரோஷத்தைப் பூட்டித்தான் உழுவும் போல" என்றார் வழி சொன்னவர். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள்.

மழை பெய்தது. அந்த டிரெய்லரில் முன்பு ராகிக் கதிர் ஏற்றியிருந்தோம். ஓரங்களில் ஒட்டியிருந்த மணி வண்டலில் விழுந்து முளைத்து, பச்சைப்பசேல் என்று நின்றது. பிடுங்கி வரட்டுமா என்று கேட்டேன். "ஒண்ணையும் தொடாதீங்க, அவங்களே வந்து பாக்கட்டும்" என்றார். கோர்ட்டில் அவர் நீட்டிப் பேசவில்லை. மணல் என்று எழுதிய சுமையில் ராகிப் பயிர் நிற்கிறது, ஆள் அனுப்பிப் பார்க்க வேண்டும் என்றார். பார்த்துவிட்டு வந்தவர் மண் என்றுதான் சொல்லவேண்டியிருந்தது. வண்டியை விட உத்தரவானது. பேட்டரியைக் காணோம், ஒரு டயரைக் காணோம். மணல் என்று எழுதியவர் தலையைக்கூடச் சொறியவில்லை.

கோர்ட் வளாகத்தில் நடந்த இரங்கல் கூட்டத்துக்குப் போனேன். லாரிக்காரர் முன்வரிசையில் இருந்தார். முடிந்ததும் என் தோளில் கை போட்டார்.

"ஒரே வக்கீலம்மாகிட்ட கேஸ் நடத்தினவங்க நாம, பங்காளி மாதிரி. டிராக்டரை ராத்திரிக்கு ரெண்டு நடை அனுப்புங்க பெரியவரே. கேட்டா ஏரி மண்ணுன்னு சொல்லிக்கலாம், கோர்ட்டே சொன்ன வண்டியாச்சே."

ரஷீதா அம்மா எனக்கு மீட்டுக்கொடுத்த 'மண்' என்ற சொல்லை, அவரைப் புதைத்த ஈரம் காய்வதற்குள், திருட்டுக்குப் போர்வையாகக் கேட்டார் லாரிக்காரர். அவர் கையைத் தோளிலிருந்து எடுத்துக் கீழே விட்டேன்.

"உங்க வண்டியில இருக்கறதுக்கு மணல்னு பேருங்க. எனக்கு இப்ப ரெண்டையும் எழுதத் தெரியும்" என்றேன்.

பெரியவர்கள் போகும்போது பொறுமையை விட்டுப்போனார்கள், அன்பை விட்டுப்போனார்கள் என்று எழுதுவார்கள். என்னைவிடச் சின்னவரான ரஷீதா அம்மா எனக்கு விட்டுப்போனது அருவருப்பு. இந்த ஊரில் பலருக்கு அது வருவதே நின்றுவிட்டது. எனக்கு இன்னும் நன்றாக வருகிறது.