கழுவாத முற்றம்

எங்கள் சந்தில் நஸ்மியாவுக்கு இருந்த கெட்ட பெயர் ஒன்றே ஒன்றுதான். அவள் முற்றத்தைக் கழுவமாட்டாள்.

மோசுலில் வியாழக்கிழமை என்றால் வீட்டுக்கு வீடு வாளிச் சத்தம் கேட்கும். வெள்ளைக் கல் பாவிய முற்றத்தில் தண்ணீரைக் கொட்டித் தேய்த்து, வெள்ளிக்கிழமை விருந்தாளி கால் வைக்கவே கூசும்படி பளபளக்க வைப்போம். நஸ்மியா வீட்டில் மட்டும் காய்ந்த துடைப்பம் தூசியைத் தள்ளும் ஓசை.

"என்னடி, டைகிரிஸ் ஆறு உன் வீட்டுக்கு மட்டும் வத்திப்போச்சா?" என்று சுவருக்கு மேலே தலையை நீட்டிக் கேட்டவள் நான்தான்.

"முதுகுவலி அக்கா."

"பிள்ளை பெத்தவளுக்கே இல்லாத முதுகுவலி!"

குழந்தையில்லாத ஒருத்தியிடம் அப்படிச் சொன்ன என் நாக்கை நானே எத்தனையோ முறை சபித்திருக்கிறேன். அவள் ஏன் கழுவவில்லை என்பது பதினான்கு வருடம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது.

அவள் கணவன் தன்னூன், மோசுல் அருங்காட்சியகத்தில் கொத்தனார். அசீரிய ராஜாக்களின் அரண்மனைச் சுவர்களிலிருந்து எடுத்த சிற்பப் பலகைகளை, இரும்பு ஆணியும் சுண்ணச் சாந்தும் வைத்துக் கூடத்துச் சுவரில் நிறுத்துவது அவர் வேலை. "காலையில ராஜாவைத் தூக்கி நிறுத்துறேன், சாயங்காலம் தக்காளிக்குப் பேரம் பேசுறேன்" என்று சிரிப்பார்.

அமெரிக்கப் படை வந்த வருடம், பட்டப்பகலில் கடப்பாறையோடு ஒரு கும்பல் அருங்காட்சியகத்துக்குள் புகுந்தது. தடுக்கப்போன தன்னூனின் மண்டையைப் பிளந்தது. ரத்தம் கண்ணை மறைக்க, மாவு மூட்டை வண்டியைத் தள்ளிக்கொண்டு அவர் வீடு வந்து சேர்ந்தார். மூட்டைகளுக்கு அடியில் ஒரு கல் பலகை. இரண்டு முழ நீளம், நான்கு விரல் கனம்.

நஸ்மியா அந்தச் சிற்பத்தை ஒருமுறைதான் பார்த்தாள். சிறைபிடிக்கப்பட்டு மாட்டு வண்டிக்குப் பின்னால் நடக்கும் ஒரு பெண். தோல்பையைச் சாய்த்துத் தன் குழந்தையின் வாயில் தண்ணீர் விடுகிறாள். முன்னும் பின்னும் ஈட்டி பிடித்த வீரர்கள்.

"இதுவும் நம்ம முற்றத்துக் கல்லும் ஒரே மலைக் கல்லுதான்" என்றார் தன்னூன். முற்றத்தின் நான்காவது வரிசையில் ஒரு கல்லைப் பெயர்த்தார். அந்தக் குழியில் சிற்பத்தை முகம் கீழாகப் பதித்தார். முதுகுப்பக்கம் மற்ற கற்களோடு கல்லாகக் கலந்துவிட்டது. "ஆனா ஒண்ணு, இந்தக் கல்லைத் தண்ணி மெதுவாத் தின்னும். கல்லு வேணா தேயட்டும், அந்தப் பொண்ணு தேயக்கூடாது. மியூசியம் திறக்குற அன்னிக்கு நானே கொண்டுபோய் நிறுத்துவேன். அதுவரைக்கும் இதுமேல சொட்டுத் தண்ணி படக்கூடாது நஸ்மியா."

ஒரு கல்லை மட்டும் காயவிட்டால் ஊருக்குத் தெரிந்துவிடும். அதனால் அவள் முற்றம் முழுவதையும் காயவிட்டாள்; மழை நாளில் தார்ப்பாய் விரித்து மூடினாள்.

மூன்று வருடம் கழித்து, ரொட்டிக்கடை வரிசையில் நின்ற தன்னூனை மூன்று தோட்டாக்கள் சாய்த்தன. அரசாங்க வேலைக்குப் போகிறவர் என்பது தவிர வேறு குற்றமில்லை. நஸ்மியா ஓடிப்போய் மடியில் கிடத்தியபோது அவர் கையிலிருந்த சூடான ரொட்டி ரத்தத்தில் ஊறியிருந்தது. கல்லைப் பற்றி யாரிடம் சொல்வது? சொன்னால், செத்த புருஷனைத் திருடன் என்பார்கள். அருங்காட்சியகமோ பூட்டியே கிடந்தது.

அதற்கு எட்டு வருடம் கழித்துக் கறுப்புக் கொடிக்காரர்கள் வந்து நகரத்தைப் பிடித்தார்கள். கூடத்துச் சிலைகளைச் சம்மட்டியால் அடித்து நொறுக்கி, அதைப் படம் பிடித்து உலகத்துக்கே காட்டினார்கள். அந்தப் படத்தை நஸ்மியா என் வீட்டில்தான் பார்த்தாள். சுவர் ஓரத்தில் ஒரு பலகை விழுந்தபோது, "ஐயோ, அது அவர் நிறுத்தினது" என்று வாயில் முக்காட்டுத் துணியைத் திணித்துக்கொண்டாள்.

அடுத்த வாரமே தன்னூனின் தம்பி கானிம் வந்தான். தாடி, துப்பாக்கி, இடுப்பில் கத்தி. பகலில் சிலைகளை உடைத்த கூட்டத்தில் அவனும் ஒருவன். சிறிய கற்களை ரகசியமாக எல்லைக்கு அப்பால் விற்பவர்களிலும் ஒருவன்.

"அண்ணி, அண்ணன் ஒரு கல்லை வண்டியில தள்ளிட்டு வந்தானாமே. எங்க?"

"உங்க அண்ணன் தள்ளிட்டு வந்தது மாவு. தின்னு தீர்த்தாச்சு."

துப்பாக்கிக் கட்டை அவள் வாயில் இறங்கியது. இரண்டு பற்கள் தெறித்தன. தலைமுடியைப் பிடித்து இழுத்துப்போய், வலதுகையை வாசற்படியில் வைத்துப் பூட்ஸ் காலால் மிதித்தான். விரல்கள் முறிந்த சத்தம் அவளுக்கே கேட்டதாம். "எங்க?" என்றான். அவள் அல்லாவை அழைத்தாளே தவிர, கல்லைச் சொல்லவில்லை.

கானிம் முற்றத்தைச் சுற்றிப் பார்த்தான். அவன் பிறந்து தவழ்ந்த முற்றம். அவன் முகம் மாறியது.

"எங்கம்மா இருந்தப்ப இந்த முற்றத்துல முகம் பார்க்கலாம். நீ ஏன் தண்ணியே காட்டல? இங்கதான் இருக்கு, இல்ல?"

கடப்பாறை போட அவனுக்குப் பயம். சத்தம் கேட்டு அவன் ஆட்களே வந்துவிட்டால் அவன் தலை சந்தை நடுவில் தொங்கும். அதனால் வேறு வழி கண்டுபிடித்தான். தொட்டியிலிருந்து வாளியில் தண்ணீர் மொண்டான். முதல் வரிசையில் கொட்டினான். கல்லைப் பார்க்கவில்லை, அவள் முகத்தையே பார்த்தான்.

இரண்டாவது வரிசை. மூன்றாவது வரிசை.

நான்காவது வரிசைக்கு அவன் காலெடுத்து வைத்தபோது நஸ்மியா எழுந்தாள். முறிந்த கையால் வாளியைப் பிடுங்கினாள்.

"குடுடா இங்க! ஆம்பளை கழுவுற லட்சணமா இது? புருஷன் போனப்புறம் எவனுக்காக நான் கழுவணும்? இந்தா, உங்கம்மா ஆவி குளிரட்டும்!"

முழு வாளியையும் அந்தக் கல்மேல்தான் கொட்டினாள். அதன்மேல் மண்டியிட்டு உட்கார்ந்து, துடைப்பத்தால் தேய்த்தாள். வாயிலிருந்து சொட்டிய ரத்தத்தை அதிலேயே கழுவினாள். இன்னொரு வாளி. இன்னொன்று. அவள் முகத்தில் ஒரு சுருக்கம்கூட விழவில்லை.

கானிம் குழம்பிப்போனான். ஆனாலும் நம்பவில்லை. அன்றே தன் படுக்கையை எடுத்துவந்து மாடியில் குடியேறினான். "இனிமே வியாழன்தோறும் கழுவணும். நான் மேலருந்து பார்ப்பேன்."

இரண்டு வருடத்துக்கு மேல் கழுவினாள். ரொட்டி கருகினால் அடி, தேநீர் ஆறினால் உதை. அதெல்லாம் அவளுக்குப் பெரிதில்லை. "அக்கா, வியாழக்கிழமை வந்தா என் கையாலேயே ஒரு புள்ளையை ஆத்துல அமுக்குற மாதிரி இருக்கும்" என்று பின்னால் என்னிடம் சொல்லி அழுதாள். அந்த வியாழக்கிழமைகளில் நானோ, "ஒருவழியா முதுகுவலி போயிடுச்சா?" என்று சுவருக்கு மேலிருந்து சிரித்திருக்கிறேன்.

ஊரை மீட்க வந்த அரசாங்க ராணுவம் பழைய நகரத்துக்குள் நுழைந்த மாதம் குண்டுகள் விழாத நிமிஷம் இல்லை. அந்தப் பேரிரைச்சலில் கடப்பாறைச் சத்தத்தை யார் கேட்கப்போகிறார்கள்? கானிம் முற்றத்தில் இறங்கி, வாசலிலிருந்து ஒவ்வொரு கல்லாகப் பெயர்க்கத் தொடங்கினான்.

"தம்பி, ஊரே எரியுது, ஓடிடு" என்று நஸ்மியா அவன் காலைப் பிடித்தாள். அவன் உதைத்த உதையில் அவள் சமையலறைக்குள் போய் விழுந்தாள்.

மூன்றாவது வரிசையின் கடைசிக் கல்லைப் பெயர்க்க அவன் குனிந்தான். நஸ்மியாவின் கையில் ஏலக்காய் இடிக்கும் பித்தளை உலக்கை இருந்தது. பிடரியில் ஒரே அடி. அவன் திரும்பிப் பார்த்தான். "அண்ணி..." என்றான். அவள் மறுபடியும் அடித்தாள். அவன் அசைவு நிற்கும்வரை அடித்தாள்.

சுவர் இடிந்த ஓட்டை வழியாக நான் உள்ளே வந்தபோது, உலக்கையை மடியில் வைத்துக்கொண்டு நான்காவது வரிசைமேல் உட்கார்ந்திருந்தாள். இருவருமாக அவனைச் சந்துக்கு இழுத்துப் போட்டோம். அங்கே ஏற்கெனவே ஐந்து பிணங்கள் கிடந்தன. ஆறாவதைப் பற்றி யாரும் கேட்கவில்லை. அவனுக்காக நான் அழவில்லை. அவள் அழுதாள்.

சண்டை ஓய்ந்ததும், அருங்காட்சியகத்திலிருந்து ரஹ்மா என்ற இளம் அதிகாரியையும் இரண்டு சிப்பாய்களையும் அவளே கூட்டிவந்தாள். கல்லைப் பெயர்த்துத் திருப்பினார்கள். ரஹ்மா மண்ணைத் தூரிகையால் தள்ளி, கை விளக்கைப் பக்கவாட்டில் பிடித்தாள். அப்போதுதான் செதுக்கல் நிழலாகத் தெரிந்தது.

வண்டிச் சக்கரம் இருந்தது. ஈட்டிகள் இருந்தன. பெண்ணின் தோளும், தோல்பையைப் பிடித்த கையும் இருந்தன. முகம் இல்லை. குழந்தை இருந்த இடம் வழுவழுவென்று வெறும் கல்லாக இருந்தது.

நஸ்மியா நெஞ்சில் அறைந்துகொண்டாள். "போச்சு! எங்க போச்சு அந்தப் புள்ளை?"

"இடுக்கு வழியா இறங்கின தண்ணி அரிச்சிருக்கும்மா" என்றாள் ரஹ்மா மெல்ல. "அழாதீங்க. உடையாம முழுசா எங்களுக்குக் கிடைச்சது கொஞ்சம்தான். இதை இப்படியே கூடத்துல நிறுத்துவோம். பக்கத்துல அட்டை வைக்கணும். யார் காப்பாத்தினதுன்னு எழுத?"

"தன்னூன்னு எழுது மகளே. கொத்தனார் தன்னூன். திருடல, காப்பாத்தினார்னு எழுது."

ரஹ்மா எழுதினாள்.

"குழந்தையைக் கரைச்சது யாருன்னும் எழுது. நஸ்மியா. அதே அட்டையில எழுது."

"அம்மா, அப்படியெல்லாம் யாரும்..."

"எழுதாம கல்லைத் தொடாதே."

ரஹ்மா அவளுடைய கோணலாய் ஒட்டிப்போன விரல்களைப் பார்த்தாள். பிறகு எழுதினாள். சிப்பாய்கள் கல்லைப் போர்வையில் சுற்றித் தூக்கினார்கள். நஸ்மியா ஒரு மூலையைப் பிடித்துக்கொண்டாள். வீட்டுக் கதவைச் சாத்தக்கூட நிற்காமல், அவர்களோடு சந்தில் இறங்கி நடந்தாள்.