ஜெராக்ஸ் அக்கா யாரை நினைத்துச் சிரித்தாள்?

தெருவில் எல்லாருக்கும் அவள் ஜெராக்ஸ் அக்கா. சொந்தப் பெயர் பக்கத்துக் கடைக்காரருக்கே தெரியாது. மெஷின் முன்னால் நின்று நின்று கால் கடுத்ததுதான் மிச்சம் என்று புலம்புவாள். ஆனாலும் கடையைப் பூட்டிப் போட மனசு வராது.

அவளைத் தேடித்தான் டிவிக்காரர்கள் வந்தார்கள். கதை கிடையாது, நடிப்பு கிடையாது, சாதாரண மனுஷியின் ஒரு நாள், புது முயற்சி என்றாள் டைரக்டர் பெண். "நாங்க இருக்கிறதையே மறந்துடுங்கக்கா." அக்கா நிஜமாகவே மறந்துபோனாள்.

படம் வந்த அன்று அவளும், பள்ளி வேன் ஓட்டும் வீட்டுக்காரரும், மகளும் டிவி முன்னால் உட்கார்ந்தார்கள். கடைக் காட்சி கண்மூடித் திறப்பதற்குள் ஓடிவிட்டது. அப்புறம் கட்டில். அதன் ஓரத்தில் அக்கா, பாதி மடித்த போர்வையோடு சுவரையே பார்த்துக்கொண்டு. பேச்சு மூச்சில்லை, ஃபேன் சத்தம் மட்டும். டிவி நின்றுவிட்டதோ என்று வீட்டுக்காரர் ரிமோட்டைத் தேடினார். அப்போது திரையில் அவள் மெல்லச் சிரித்தாள். படம் முடிந்தது.

"யாரை நினைச்சு சிரிச்ச?" என்றார்.

"தெரியலையேங்க."

மறுநாள் நாத்தனாரும் போனில் அதையே கேட்டாள். கடைக்கு வந்தவர்களும் விடவில்லை. அக்கா போர்வையோடு அதே இடத்தில் உட்கார்ந்து பார்த்தாள். மண்டை காய்ந்தது, எதுவும் ஞாபகம் வரவில்லை. வீட்டுக்காரரோ முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு திரிந்தார்.

மகள்தான் போனில் படத்தை மறுபடி ஓடவிட்டாள். "அப்பா, இது உங்க கால் இல்ல?"

கட்டிலின் மறுகோடியில், பெருவிரலில் பிளாஸ்திரி சுற்றிய கால் ஒன்று ஆடிக்கொண்டிருந்தது. வேன் கதவில் நசுங்கிய விரல். அவருடையதேதான்.

"நானும் அங்கதான் இருந்தேனா?"

"நீங்கதான் ஏதோ சொல்லியிருக்கணும்."

"என்ன சொன்னேன்?"

"என்னைக் கேட்டா?"

டைரக்டருக்குப் போன் போட்டார்கள். "பேச்சை எல்லாம் அழிச்சுட்டோமேக்கா. ஃபேன் மட்டும் போதும்னு தோணுச்சு," என்றாள் அவள்.

வீட்டுக்காரர் தலையைச் சொறிந்தார். டீசல் விலை, தண்ணி மோட்டார், தங்கச்சியின் குறட்டை என்று வாயில் வந்ததையெல்லாம் சொல்லிப் பார்த்தார். எதற்கும் அக்காவுக்குச் சிரிப்பு வரவில்லை. "நான் அவ்வளவு நல்லாவா பேசினேன்?" என்று அவருக்கே நம்பிக்கையில்லை.

இப்போதெல்லாம் வேனை நிறுத்திவிட்டு உள்ளே வந்ததும் ஏதாவது ஒன்றைச் சொல்கிறார். சொல்லிவிட்டு அவள் முகத்தையே பார்க்கிறார்.