பெரியம்மாவின் கட்டைவிரல்

உள்ளங்கையளவு கண்ணாடி, அதற்கடியில் சிவப்பு வெளிச்சம், அதன்மேல் பெரியம்மாவின் கட்டைவிரல். நான் புதிதாக வேலைக்குச் சேர்ந்திருந்த அலுவலக முகப்பில், ரேகை பார்க்கும் அந்த மிஷின் மூன்று முறை கத்திவிட்டு அவர் விரலை ஏற்க மறுத்தது.

லுக்குட் பக்கத்தில் நாங்கள் இருந்த ரப்பர்த் தோட்டம் கைமாறியதும் அம்மா எங்களைக் கூட்டிக்கொண்டு ராசா என்ற ஊருக்கு வந்துவிட்டார். அவருடைய அக்காவான பெரியம்மா கடலோரக் கம்பத்து மீனவக் குடியிருப்பில் குடிசை போட்டு, இறால் உரிக்கும் கொட்டகையில் வேலைக்குச் சேர்ந்தார். பிள்ளையில்லாதவர். பள்ளி விடுமுறை முழுக்க நான் அவரிடம்தான் இருப்பேன். பெரிய இறாலாகப் பொறுக்கி எனக்கென்று சம்பல் வைப்பார். பிறகு மீன்பாடு குறைந்தது, கொட்டகை வேலை வாரத்துக்கு மூன்று நாளானது, கரையையும் காலி செய்யச் சொல்லிவிட்டார்கள். பெயர் பதிந்தவர்களுக்கு அடுக்குமாடியில் வீடு உண்டு. பதிவது எங்கள் அலுவலகத்தில்; அதற்குக் கட்டைவிரல் ரேகை வேண்டும்.

இருபது வருட ஐஸ் தண்ணீரிலும் இறால் ஓட்டிலும் அவர் ரேகை தேய்ந்து போயிருந்தது. வரிசையில் நின்றவர்கள் மீன் வாடைக்கு முகம் சுளித்தார்கள். என் பின்னால் மேலதிகாரி நின்றிருந்தார். என்னைப் பாதி வளர்த்தவர் பெரியம்மா. அவரை நான், முன்பின் தெரியாத யாரோ ஒருத்தியைப் போல, "மக்சிக்" என்று மலாயில் பொதுப்படையாகக் கூப்பிட்டேன். கையை நன்றாகக் காயவிட்டு இரண்டு வாரம் கழித்து வரச் சொன்னேன்.

பெரியம்மா என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. "சரிங்க மிஸ்," என்று சொல்லிவிட்டுப் போனார்.

இரண்டு வாரம் வேலைக்குப் போகாமல், விரலில் தேங்காயெண்ணெய் தடவித் துணி சுற்றி வைத்திருந்தாராம். பதிவின் கடைசி நாளன்று வந்தார். மிஷின் மறுபடியும் கத்தியது. இம்முறை குனிந்து, எனக்கு மட்டும் கேட்கும்படி சொன்னார்: "மிஷினுக்கு என்னைப் புடிக்கல லா. நீ என்னா செய்வ, பாப்பா."

ரேகை விழாதவர்களுக்கென்று தனிப் படிவம் இருப்பது சில மாதங்கள் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது. என் மேசை இழுப்பறையிலேயே கிடந்தது. ஆளை நன்றாகத் தெரிந்த ஒருவர் கையெழுத்துப் போட்டால் போதுமாம். மேலதிகாரியை அன்றே கேட்டிருக்கலாம். கேட்டால், இந்த அம்மா உனக்கு யார் என்று திருப்பிக் கேட்பாரே என்று வாயைத் திறக்கவில்லை. 

வீடு கிடைக்காத பெரியம்மா லுக்குட்டில் ஒரு மோட்டார்ப் பட்டறைக்குப் பின்னால் வாடகை அறையில் இருந்தார். அங்கேயே கண்ணை மூடினார்.

நான் இன்னமும் அதே முகப்பில்தான். மிஷின் மட்டும் புதுசு. காலையில் அதைச் சோதிக்க முதலில் என் விரலை வைக்கிறேன். நான் யாரென்று அதற்கு உடனே தெரிந்துவிடுகிறது. பெரியம்மா யாரென்று சொல்ல அன்றைக்கு நான் ஒருத்தி இருந்தேன்.