வாய்வழியாக எதுவும் கூடாது

கோழி மருந்துகளுக்குச் சீட்டு எழுதுவது என் பிழைப்பு. நாமக்கல்லில் கோழி மருந்து விற்கிற கம்பெனிகளுக்குக் குறைச்சல் இல்லை. மருந்து டப்பாவுக்குள் நாலாக மடித்து வைத்திருக்கும் தாளைப் பெரும்பாலோர் படிக்காமலே கசக்கி எறிவார்கள். அந்தத் தாளில் இருக்கும் தமிழ் என்னுடையது. ஆங்கிலத்தில் 'ஓரலி' என்று இருந்தால் நான் 'வாய்வழியாக' என்று எழுத வேண்டும். தோலுக்கு அடியில் போடுவது வேறு, சதையில் போடுவது வேறு, கண்ணில் சொட்டு விடுவது வேறு. மருந்து எந்த வாசல் வழியாக உடம்புக்குள் போக வேண்டும் என்று சொல்கிற சொல் அது. இலக்கணத்தில் வினையடை என்பார்கள். வினைச்சொல்லுக்கு முன்னால் ஓரமாக நிற்கும். அதை விட்டுவிட்டாலும் வாக்கியம் ஓடும், கோழிதான் ஓடாது.

போர்வெல் போடும் ரிக் வண்டி ஓட்டி ஓய்ந்து, ஊரில் நாட்டுக்கோழி வளர்க்க ஆரம்பித்த ஒருவர் ஒரு நாள் போன் செய்தார். கம்பெனியில் என் நம்பரை வாங்கியிருக்கிறார்.

"ஏனுங்க, இந்தச் சீட்டு எழுதுனது நீங்கதானுங்களா? வெயில் ஏறிப் போச்சுங்க. இன்னும் பாதிக் கோழிக்குக்கூட ஊத்தி முடியலீங்க."

"தண்ணியில கலக்கச் சொல்லித்தானுங்களே எழுதியிருக்கேன்?"

"கலந்தாச்சுங்க. கலந்துட்டுத்தான் நானும் ஊட்டுக்காரியும் ஒவ்வொண்ணா வாயைப் பொளந்து ஊத்தறோம். வாய்வழியாகன்னு போட்டிருக்கீங்களே!"

சிரிப்பை அடக்க முடியவில்லை. கோழி குடிக்கிற தட்டில் ஊற்றி வைத்தால் போதும் என்று சொல்லி வைத்தேன். அடுத்த சீட்டிலிருந்து 'பிடித்து ஊற்ற வேண்டாம்' என்று ஒரு வரி சேர்த்தேன். தாளில் இடம் போதவில்லை, அதை எடுத்துவிடுங்கள் என்றார் மேனேஜர். அந்த வரியை எடுத்தால் என் பெயரையும் எடுத்துவிடுங்கள் என்றேன். சீட்டில் என் பெயர் எந்தக் காலத்திலும் இருந்ததில்லை என்பது வேறு விஷயம். வரி நின்றது. சொல் விஷயத்தில் நான் கொஞ்சம் முரடு. அது தெரிந்தவர்கள் என்னிடம் வாயைக் கொடுப்பதில்லை.

போன வருஷம் மல்லசமுத்திரத்துக்குப் பக்கத்தில், குச்சிக்கிழங்குக் காட்டில் தண்ணீர் கட்டிக்கொண்டிருந்த அம்மா அப்படியே சாய்ந்தாள். அப்பா போனபிறகு அந்தக் காட்டில் தனியாக விவசாயம் பார்த்துக்கொண்டிருந்தவள். சேலத்தில் ஒரு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். மூளையில் அடைப்பு. வலது கை, வலது கால் வரவில்லை, பேச்சு வரவில்லை. இதெல்லாம் கண்ணுக்குத் தெரிந்தது. கண்ணுக்குத் தெரியாத இன்னொன்றை அங்கே இருந்த பெண் டாக்டர் சொன்னார். என்னைவிட வயதில் சின்னவர்.

"தொண்டைக்குள்ள ரெண்டு வழி இருக்கும்மா. ஒண்ணு வயித்துக்கு, ஒண்ணு நுரையீரலுக்கு. விழுங்கும்போது நுரையீரல் வழியை அடைக்கற மூடி இவங்களுக்கு இப்ப சரியா மூட மாட்டேங்குது. ஒரு ஸ்பூன் தண்ணி குடுத்தாக்கூட நுரையீரலுக்குள்ள இறங்கிடும். மூக்குல டியூப் போட்டிருக்கோம். எல்லாம் அது வழியாத்தான்."

நர்ஸ் ஒரு அட்டையைக் கொண்டுவந்து கட்டிலின் தலைமாட்டில் ஒட்டினார். 'வாய்வழியாக எதுவும் கொடுக்கக் கூடாது.' என்னுடைய சொல். எத்தனையோ சீட்டுகளில் எழுதிய சொல். ஆனால் நான் எழுதும்போதெல்லாம் அதன் பின்னால் 'கொடுக்கவும்' என்றுதான் வரும். 'கூடாது' என்று வந்ததை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

எங்கள் ஊர்ப்பக்கம் நோயாளியைப் பார்க்க வருகிறவர்கள் வெறுங்கையோடு வரமாட்டார்கள். இளநீர், ரொட்டி, ஆரஞ்சு, பிளாஸ்க்கில் காப்பி. கொண்டுவந்ததில் ஒரு வாயாவது கொடுக்காமல் திரும்பினால் பார்த்த மாதிரியே ஆகாது. ஒவ்வொருவரிடமும் அட்டையைக் காட்டினேன். காது கேட்காதவர்களுக்குச் சொல்வதுபோல் சத்தமாகச் சொன்னேன். சிலர் கேட்டுக்கொண்டார்கள். சிலர் நான் பாத்ரூம் போகும் நேரம் பார்த்து உட்கார்ந்திருந்தார்கள். அதனால் நான் பாத்ரூம் போவதையே குறைத்துக்கொண்டேன்.

அம்மா கண் திறக்கவே இல்லை. இப்போதைக்கு எதுவும் சொல்ல முடியாது என்றார் டாக்டர். அந்தச் சொல் ஊருக்குப் போய்ச் சேர்ந்தபோது 'முடியாது' என்று மட்டும் போய்ச் சேர்ந்திருக்க வேண்டும்.

ஒரு சாயங்காலம் மாமா வந்தார், அம்மாவின் தம்பி. கூடவே அத்தை. மாமாவின் கையில் ஒரு சில்வர் டம்ளர் நிறையப் பால். சட்டைப்பையிலிருந்து ஒரு காகிதப் பொட்டலத்தை எடுத்துப் பிரித்தார். அம்மாவின் காட்டு மண். உயிர் பிரியாமல் இழுத்துக்கொண்டிருந்தால், எதன்மேல் ஆசையோ அதைக் கரைத்து வாயில் விடுவது வழக்கம். மண்ணாசை உள்ளவர்களுக்கு மண். ஆசை தீர்ந்து உயிர் போய்விடும் என்பது கணக்கு.

"அக்காவுக்குக் காட்டு மேலதான் உசுரு, அம்மிணி. இத்தன நாளா இழுத்துக்கிட்டுக் கெடக்குது. இதக் கரைச்சு ஒரு வாய் ஊத்தீட்டம்னா நிம்மதியாப் போயிரும்."

"அந்த அட்டையில என்ன போட்டிருக்குதுன்னு படிங்க மாமா."

"அதெல்லாம் பொழைக்கறவங்களுக்கு."

அவர் கெட்டவர் இல்லை. அக்கா படுகிற பாட்டைப் பார்க்கச் சகிக்காமல்தான் வந்திருந்தார். ஆனால் அந்த ஒரு வார்த்தை எனக்குள் பற்றிக்கொண்டது. அம்மா பிழைக்கமாட்டாள் என்று முடிவு செய்ய இவருக்கு யார் அதிகாரம் கொடுத்தது? நர்ஸைப் பார்த்தேன். குடும்ப விஷயம் என்பதுபோல் அவர் திரும்பி அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டார். டாக்டர் மாடியில் இருந்தார். நான் எழுந்து கட்டிலுக்கும் மாமாவுக்கும் நடுவில் நின்றேன்.

"இது வயித்துக்குப் போகாதுங்க மாமா. நொரையீரலுக்குத்தான் போகும். போனா மூச்சு அடைச்சுச் சாவாங்க. நிம்மதியா எல்லாம் போக மாட்டாங்க."

அத்தை அழுதுகொண்டே கத்தினாள். "பெத்தவ நாக்கு வறண்டு கெடக்குது. ஒரு சொட்டுப் பாலு உட மாட்டீங்கறயே, நீயெல்லாம் ஒரு பொண்ணா?"

ஈரத் துணியை எடுத்தேன். அவர்கள் பார்க்கவே அம்மாவின் உதட்டைத் துடைத்தேன், நாக்கைத் துடைத்தேன். "வறண்டா நான் தொடைக்கறேன். ஊத்த உடமாட்டேன்."

மாமா டம்ளரோடு ஓரடி முன்னால் வந்தார். நான் உள்ளங்கையால் டம்ளரின் வாயைப் பொத்தினேன். பால் நல்ல சூடு. கையை எடுக்கவில்லை.

"என்னத் தாண்டி ஊத்துங்க பாக்கலாம்."

வார்டே எங்களைப் பார்த்தது. மாமாவின் முகம் கோணியது. அழுகையா கோபமா என்று தெரியவில்லை. "நாளைக்கி ஏதாச்சும் ஆயிருச்சுன்னா ஊருக்குள்ள எப்பிடித் தலை நிமிந்து நடப்பே?"

"அத நான் நடந்துக்கறேனுங்க மாமா."

டம்ளரையும் பொட்டலத்தையும் ஸ்டூலின் மேல் வைத்துவிட்டு வெளியே போனார். பாலைக் கொண்டுபோய் வாஷ்பேசினில் கொட்டினேன். மண் பொட்டலத்தை மடித்து, வராண்டாவில் நின்றிருந்த அவருடைய சட்டைப்பையிலேயே வைத்தேன். அவர் தடுக்கவில்லை.

தாய்க்குப் பால் ஊற்ற விடாதவள் என்று ஊரெல்லாம் பேர் ஆயிற்று. ஆகட்டும் என்று விட்டுவிட்டேன். அம்மா செத்திருந்தால் அந்தப் பேர் சாகிறவரைக்கும் என்கூட வந்திருக்கும். அதுவும் எனக்குத் தெரிந்துதான் நின்றேன். செத்திருந்தாலும் நான் செய்தது சரிதான். இன்றைக்கும் அதையேதான் சொல்வேன்.

அம்மா கண் திறந்தாள். நாமக்கல்லில் என் வீட்டுக்கே கூட்டிவந்தேன், மூக்கில் டியூபோடு. கஞ்சித் தண்ணீர், பருப்புத் தண்ணீர், அரைத்து வடிகட்டிய காய்கறி, எல்லாம் சிரிஞ்சில். பேச்சு மட்டும் வரவில்லை. நான் சொல்வது எல்லாம் புரிந்தது. பார்க்க வந்த மாமா எல்லாம் சாமி புண்ணியம் என்றார். சாமி எந்த வார்டில் டூட்டி பார்த்தது என்று கேட்க நாக்கு துடித்தது. அம்மா பார்த்துக்கொண்டிருந்ததால் விட்டேன்.

ஒரு காலையில் அவள் பக்கத்தில் உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டிருந்தேன். இடது கையை நீட்டி என் டம்ளரைப் பிடித்தாள். கூடாதும்மா என்று விரலை விலக்கினேன். மறுபடி பிடித்தாள். நான் எழுந்து சமையலறைக்குப் போய்க் குடித்தேன். அன்றைக்கு முழுக்கச் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். சிரிஞ்சில் சாப்பாடு ஏற்ற வந்தபோது என் கையைத் தட்டிவிட்டாள். மறுநாள் காலையில் டியூபைப் பிடுங்கிப் போட்டிருந்தாள். மூக்கு ஓரத்தில் கொஞ்சம் ரத்தம். டியூப் அவள் கையிலேயே இருந்தது.

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. "உனக்காக ஊரையே பகைச்சுக்கிட்டேன், தெரியுமா உனக்கு?" என்று கத்தினேன். அம்மா என்னைப் பார்த்த பார்வையில் நன்றியும் இல்லை, பயமும் இல்லை. நான் மாமாவைப் பார்த்த பார்வை அது. என்னை அவள் வாசலை மறித்து நிற்கிறவளாகப் பார்த்தாள்.

காரில் ஏற்றிச் சேலத்துக்குக் கூட்டிப்போனேன். அதே டாக்டர். தொண்டையைப் பரிசோதித்தார், இருமச் சொன்னார், எச்சில் விழுங்கச் சொல்லிக் கழுத்தில் விரல் வைத்துப் பார்த்தார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"முன்னைக்கு இப்ப நல்லா இருக்கு. நேரா உட்கார வெச்சு, தாடையைத் தாழ்த்தி, கெட்டியான கூழா ஸ்பூன் ஸ்பூனா ஆரம்பிக்கலாம். ஆனா ஆபத்தே இல்லைன்னு நான் சொல்ல மாட்டேன். தப்பிப் போனா மறுபடி நுரையீரலுக்குப் போகலாம். இல்லைன்னா டியூபை மறுபடி போட்டு இன்னும் கொஞ்ச நாள் வெச்சிருக்கலாம். வாய்வழியாக் குடுக்கலாமா வேண்டாமா? நீங்கதான் சொல்லணும்."

அத்தனை பேரை எதிர்த்து நின்றபோது வராத பயம் அப்போது வந்தது. வேண்டாம் என்று சொல்ல வாய் வரைக்கும் வந்துவிட்டது. அம்மா இடது கையால் சக்கர நாற்காலியின் பிடியை இறுக்கிக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்னக் கேக்காதீங்க டாக்டர்," என்றேன். "அவங்க வாய். அவங்களக் கேளுங்க."

டாக்டர் அம்மாவின் பக்கம் திரும்பிக் குனிந்தார். அவர் கேட்டு முடிப்பதற்குள் அம்மா வாயைத் திறந்திருந்தாள்.